‘நானே பார்த்தேன்’: இந்தியக் கொலை வழக்குகளில் நேரடிச் சாட்சியை எந்த அளவு நம்பலாம்?

இன்று காலை ரயிலில் உங்கள் எதிரே உட்கார்ந்திருந்தவரின் முகம் ஞாபகம் இருக்கிறதா?

மூக்குக்கண்ணாடி போட்டிருந்தாரா? மீசை இருந்ததா? வயது எவ்வளவு இருக்கும்?

பத்து நிமிடம் எதிரெதிரே உட்கார்ந்து வந்திருப்பீர்கள். ஆனாலும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை, இல்லையா?

இப்போது வேறொரு காட்சி. நள்ளிரவு. வெளிச்சம் சரியாக இல்லை. முன்பின் தெரியாத ஒருவர் கையில் கத்தி. உங்கள் குடும்பத்தார் கண்ணெதிரே தாக்கப்படுகிறார்கள். சில வாரங்கள் கழித்து, உங்கள்முன் வரிசையாகச் சிலரை நிறுத்தி "இவர்களில் யார்?" என்று கேட்கிறார்கள்.

நீங்கள் கைநீட்டும் ஆள் தூக்குமேடைவரை போகலாம். இந்தியாவில் கொலைக்குற்றத்துக்கு ஆயுள் தண்டனை அல்லது மரண தண்டனை.

அந்தக் கை தவறான ஆளை நோக்கி நீண்டுவிட்டால்?

அப்படி நடந்திருக்கிறது.

நாசிக் வழக்கில் என்ன ஆனது?

2003ஆம் ஆண்டு ஜூன் மாதம். மகாராஷ்டிர மாநிலம், நாசிக். ஒரு குடிசைக்குள் இரவில் கொள்ளையர்கள் புகுந்தனர். ஐந்து பேர் கொல்லப்பட்டனர். குடும்பத் தலைவியும் ஒரு மகனும் படுகாயங்களுடன் உயிர்பிழைத்தனர்.

அதன்பின் ஆறு பேர் கைதானார்கள். நாடோடிச் சமூகத்தைச் சேர்ந்த ஏழைகள். உயிர்பிழைத்தவர்கள் அவர்களை அடையாளம் காட்டினர். 2006இல் விசாரணை நீதிமன்றம் ஆறு பேருக்கும் மரண தண்டனை விதித்தது. உயர் நீதிமன்றம் மூவரின் தண்டனையை ஆயுள் தண்டனையாகக் குறைத்தது. ஆனால் 2009இல் இந்திய உச்ச நீதிமன்றம் அந்த மூவருக்கும் மறுபடியும் மரண தண்டனை விதித்தது. அப்படியானால் ஆறு பேருக்கும் தூக்கு.

பத்து ஆண்டு கழித்து, 2019 மார்ச்சில், அதே உச்ச நீதிமன்றம் ஆறு பேரையும் நிரபராதிகள் என்று விடுவித்தது!

என்ன மாறியது? புதுச் சாட்சி யாரும் வரவில்லை. முதலிலிருந்தே வழக்கில் இருந்த ஒரு விஷயத்தை நீதிபதிகள் கவனித்துப் பார்த்தார்கள். அவ்வளவுதான்.

சம்பவம் நடந்த ஓரிரு நாளில், அந்தத் தாயிடம் போலீசார் பழைய குற்றவாளிகளின் புகைப்படத் தொகுப்பைக் காட்டியிருந்தனர். அதைப் பார்த்து அவர் நான்கு பேரை அடையாளம் காட்டினார். அந்த நால்வரும் வேறு ஆட்கள். பின்னர் தண்டிக்கப்பட்ட ஆறு பேரில் ஒருவர்கூட அதில் இல்லை.

நினைவு பசுமையாக இருந்தபோது காட்டிய நால்வரை யாரும் முறையாக விசாரிக்கவில்லை. பிறகு காட்டிய அறுவருக்குத் தூக்கு.

ஆறு பேரும் சிறையில் கழித்தது ஏறக்குறைய 16 ஆண்டு. அவர்களில் ஒருவர், சம்பவம் நடந்தபோது 18 வயதுகூட நிரம்பாதவர். ஆளுக்கு 5 லட்சம் ரூபாய் இழப்பீடு வழங்கவும், விசாரணையில் தவறு செய்த அதிகாரிகளைக் கண்டறியவும் நீதிமன்றம் உத்தரவிட்டது.

அந்தத் தாய் பொய் சொன்னார் என்று யாரும் சொல்லவில்லை. அதுதான் இந்த வழக்கில் மிகவும் சங்கடமான விஷயம். கணவரையும் பிள்ளைகளையும் இழந்த ஒருவர், மனத்தில் பட்டதைச் சொன்னார். உண்மையாகச் சொல்வது வேறு, சரியாகச் சொல்வது வேறு.

நினைவு ஏன் ஏமாற்றுகிறது?

நினைவாற்றலை நாம் கேமரா மாதிரி நினைத்துக்கொள்கிறோம். பதிவாகிவிட்டால் அப்படியே இருக்கும், வேண்டும்போது ஓட்டிப் பார்க்கலாம் என்று.

உண்மையில், ஒவ்வொரு முறை நினைக்கும்போதும் மூளை அந்தக் காட்சியைத் திரும்பக் கட்டுகிறது. கட்டும்போது புதுச் செங்கல்லும் சேர்ந்துவிடலாம்.

1974இல் அமெரிக்க உளவியலாளர் எலிசபெத் லாஃப்டஸ் இதைச் சோதித்துக் காட்டினார். கார் விபத்துக் காட்சிகளைச் சிலருக்குப் போட்டுக் காட்டி, கார்கள் என்ன வேகத்தில் போயின என்று கேட்டார். கேள்வியில் ஒரு சொல்தான் மாற்றம். சிலரிடம் கார்கள் "இடித்தபோது" என்றார். வேறு சிலரிடம் "நொறுங்க மோதியபோது" என்றார். இரண்டாவது சொல்லைக் கேட்டவர்கள் வேகத்தைக் கூட்டிச் சொன்னார்கள். ஒரு வாரம் கழித்து, காட்சியில் இல்லாத உடைந்த கண்ணாடியைப் பார்த்ததாகவும் அவர்களில் அதிகம் பேர் சொன்னார்கள்.

ஒரு சொல்லுக்கே இவ்வளவு என்றால், போலீசார் காட்டும் ஒரு புகைப்படம் என்ன செய்யும்?

முகத்தைப் பொறுத்தவரை இன்னும் சில சிக்கல்கள் உண்டு.

- ஆயுதம்: கத்தியோ துப்பாக்கியோ இருந்தால் கண் அதைத்தான் பார்க்கும். முகம் சரியாகப் பதியாது.
- பயம்: கடும் அச்சத்தில் நுட்பமான விவரங்கள் நழுவிவிடும்.
- நேரம்: பார்த்தது சில விநாடிதான். ஆனால் நினைவில் அது நீண்ட நேரமாகத் தோன்றும்.
- குழப்பம்: முகம் தெரிந்த முகமாக இருக்கும். எங்கே பார்த்தது என்பதுதான் மாறிப்போகும். சம்பவ இடத்திலா, போலீஸ் நிலையத்திலா, தொலைக்காட்சியிலா?

அமெரிக்காவில் மரபணுச் சோதனையால் நிரபராதிகள் என்று நிரூபிக்கப்பட்டவர்களின் வழக்குகளை 'இன்னசன்ஸ் புராஜெக்ட்' அமைப்பு ஆராய்ந்தது. ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு வழக்குகளில், சாட்சிகள் ஆளைத் தவறாக அடையாளம் காட்டியிருந்தனர்.

அடையாள அணிவகுப்பு என்றால் என்ன?

இந்தியாவில் இந்தச் சிக்கலைக் குறைக்கப் பயன்படும் முறை இதுதான். தமிழகச் செய்திகளில் இந்தச் சொல்லை அடிக்கடி பார்த்திருப்பீர்கள்.

சாட்சிக்கு முன்பின் தெரியாத ஒருவர் கைதானால், பெரும்பாலும் சிறைக்குள் அணிவகுப்பு நடத்துவார்கள். கைதானவரோடு, வயதிலும் தோற்றத்திலும் அவரைப் போன்ற வேறு சிலரையும் கலந்து நிறுத்துவார்கள். சாட்சி வந்து பார்த்து, ஆளைக் காட்ட வேண்டும்.

இதைப் பொதுவாக நடத்துபவர் மாஜிஸ்திரேட், அதாவது நீதித்துறை நடுவர். போலீசார் பக்கத்திலேயே இருக்கக் கூடாது. அவர்கள் முன்னிலையில், அவர்களிடம் அடையாளம் காட்டினால் அது போலீசிடம் கொடுத்த வாக்குமூலம் ஆகிவிடும். அதைச் சாட்சியமாகப் பயன்படுத்தச் சட்டத்தில் தடை உண்டு. 1950களிலேயே உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது.

கைதானவர் "வரமாட்டேன்" என்று சொல்லலாமா? சொல்லலாம். ஆனால் தகுந்த காரணம் இல்லாமல் மறுத்தால், நீதிமன்றம் அதை அவருக்கு எதிராக எடுத்துக்கொள்ளலாம். அணிவகுப்பில் நிற்கச் சொல்வது, தனக்கு எதிராகத் தானே சாட்சி சொல்ல வைப்பது ஆகாது என்று 2023இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

அணிவகுப்பில் காட்டிவிட்டால் குற்றம் நிரூபணமா?

இல்லை. பலரும் தவறாகப் புரிந்துகொள்ளும் இடம் இதுதான்.

இந்தியச் சட்டப்படி, நீதிமன்றத்தில் சத்தியம் செய்து, குறுக்கு விசாரணைக்கு உட்பட்டு "இவர்தான்" என்று சொல்வதுதான் முதன்மைச் சாட்சியம். அணிவகுப்பு அதற்குத் துணை மட்டுமே.

ஆனால் நீதிமன்றத்தில் என்ன நடக்கும்? குற்றவாளிக் கூண்டில் நிற்பவர் யார் என்று எல்லாருக்கும் தெரியும். பல ஆண்டு கழித்து வரும் சாட்சி அவரைக் காட்டுவதில் என்ன பெரிய விஷயம்?

இதை நீதிபதிகளும் அறிவார்கள். அதனால்தான் முன்பின் தெரியாதவரை முதன்முறையாக நீதிமன்றத்தில் காட்டினால், அதை மட்டும் நம்புவதில் தயங்குகிறார்கள். முன்பே நடந்த முறையான அணிவகுப்பு அந்தத் தயக்கத்தைப் போக்கும். இது கட்டாய விதி இல்லை, எச்சரிக்கை விதி. குற்றவாளியை நெருக்கமாக, நீண்ட நேரம் பார்க்க வாய்ப்புக் கிடைத்த சாட்சியென்றால், அணிவகுப்பு இல்லாமலேயே அவர் சொல்வதை ஏற்கலாம்.

அணிவகுப்பு எப்போது பயனற்றுப் போகும்?

- தாமதம்: கைதானதும் கூடிய சீக்கிரம் நடத்த வேண்டும். காரணமில்லாமல் வாரக்கணக்கில் தள்ளிப்போட்டால் சந்தேகம் எழும். 1982இல் ஒரு வழக்கில் 42 நாள் தாமதத்தைச் சுட்டிக்காட்டி உச்ச நீதிமன்றம் குற்றஞ்சாட்டப்பட்டவரை விடுவித்தது.
- முன்பே பார்த்துவிடுதல்: போலீஸ் நிலையத்தில், நீதிமன்ற வாசலில், செய்தித்தாளில், கைப்பேசியில் சாட்சி அந்த முகத்தைப் பார்த்திருந்தால் அணிவகுப்புக்கு அர்த்தமே இல்லை. அதனால்தான் இந்தியாவில் கைதானவர்களை முகத்தை மூடி அழைத்துப் போகிறார்கள்.
- தனித்துத் தெரிதல்: மற்றவர்கள் எல்லாம் இளைஞர்கள், ஒருவர் மட்டும் முதியவர் என்றால்? தழும்பு, நொண்டல் போன்ற அடையாளம் ஒருவருக்கு மட்டும் இருந்தால்? பிறகு என்ன அணிவகுப்பு!

கேரளாவில் 2000இல் நடந்த ஒரு கலவர வழக்கு 2022 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது. அணிவகுப்புக்கு முன்பே குற்றஞ்சாட்டப்பட்டவர்களைப் பார்க்கச் சாட்சிகளுக்கு வாய்ப்பு இருந்திருக்கிறது என்று கூறி, அந்த அணிவகுப்பை நீதிபதிகள் நிராகரித்தனர்.

தெரிந்த ஆளாக இருந்தால்?

இந்தியக் கொலை வழக்குகள் பலவற்றில் சாட்சிக்கும் குற்றஞ்சாட்டப்பட்டவருக்கும் முன்பே பழக்கம் இருக்கும். ஒரே ஊர், ஒரே தெரு, சில சமயம் ஒரே குடும்பம். அங்கே அணிவகுப்பு தேவையில்லை.

பழகிய ஆளை நிலா வெளிச்சத்தில்கூட அடையாளம் தெரியும். நடை தெரியும், குரல் தெரியும். நீதிமன்றங்களும் இதை ஏற்கின்றன.

அங்கே ஆபத்து வேறு விதம். கண் ஏமாறுவது குறைவு. ஆனால் மனம் கணக்குப் போடலாம். நிலத் தகராறு, பங்காளிப் பகை என்று இருந்தால், குற்றம் செய்த இருவரோடு செய்யாத இருவரையும் சேர்த்துச் சொல்லிவிடலாம்.

உறவினர் என்ற ஒரே காரணத்துக்காகச் சாட்சியத்தைத் தள்ளிவிட முடியாது என்று 1953லேயே உச்ச நீதிமன்றம் கூறியது. உண்மையான கொலையாளியைத் தப்பவிட்டு, வேறு ஒருவரை மாட்டிவிட நெருங்கிய உறவினர் பொதுவாக விரும்பமாட்டார் என்பது அதன் வாதம். ஆனால் பகை இருந்தால் கூடுதல் கவனம் வேண்டும் என்றும் சொன்னது.

அதனால்தான் வழக்கறிஞர்கள் முதலில் புரட்டுவது முதல் தகவல் அறிக்கையை. புகார் உடனே கொடுக்கப்பட்டதா? அதில் அந்தப் பெயர் இருக்கிறதா? ஆளைத் தெரியும் என்று இப்போது சொல்பவர், அன்றைக்கே ஏன் சொல்லவில்லை?

சாட்சி ஒரு பகுதியில் மிகைப்படுத்தினால் மொத்தத்தையும் தூக்கிப்போடுவதில்லை. நெல்லையும் பதரையும் பிரிப்பதுபோல் பிரித்துப் பார்ப்பதே இந்திய நீதிமன்றங்களின் வழக்கம்.

ஒரே ஒரு சாட்சி போதுமா?

போதும். சாட்சிகளை எண்ணக் கூடாது, எடைபோட வேண்டும் என்பதே கொள்கை.

இதை விளக்கிய புகழ்பெற்ற தீர்ப்பு, அன்றைய மெட்ராஸ் மாநிலத்திலிருந்து சென்ற ஒரு கொலை வழக்கில் வந்தது. 1957ஆம் ஆண்டின் வடிவேலு தேவர் வழக்கு. சாட்சிகளை உச்ச நீதிமன்றம் மூன்று வகையாகப் பிரித்தது.

- முழுமையாக நம்பக்கூடியவர்: அவர் ஒருவர் போதும்.
- கொஞ்சமும் நம்ப முடியாதவர்: அவரை விட்டுவிடலாம்.
- இரண்டுக்கும் நடுவில் இருப்பவர்: இவர் சொல்வதை உறுதிப்படுத்த வேறு ஆதாரம் வேண்டும்.

பெரும்பாலான மனிதர்கள் எந்த வகை? மூன்றாவதுதான். சிக்கல் அங்கேதான்.

கூட்டமாகத் தாக்கிய வழக்குகளில் இன்னும் கவனம் தேவை. பெரிய கும்பலில் யார் என்ன செய்தார் என்று ஒருவர் பார்ப்பது கடினம். எனவே இரண்டு மூன்று சாட்சிகளாவது ஒருவரை ஒரே மாதிரி குறிப்பிட்டால்தான் தண்டிக்கலாம் என்ற அளவுகோலை 1964இல் மசால்டி வழக்கில் நீதிமன்றம் வகுத்தது.

சாட்சி 'பல்டி' அடித்தால்?

பார்த்ததை மறப்பது ஒரு ஆபத்து. பார்த்ததைச் சொல்லாமல் விடுவது இன்னொரு ஆபத்து.

1999 ஏப்ரலில் டெல்லியில் ஒரு விருந்தில் மாடல் அழகி ஜெசிக்கா லால் சுட்டுக் கொல்லப்பட்டார். மது பரிமாற மறுத்ததே காரணம். சுற்றிலும் அத்தனை பேர் இருந்தனர். ஆனால் வழக்கு விசாரணையில் முக்கியச் சாட்சிகள் பிறழ் சாட்சிகளாக மாறினர். 2006 பிப்ரவரியில், குற்றஞ்சாட்டப்பட்ட ஒன்பது பேரும் விடுதலை!

மக்கள் கொதித்தெழுந்தனர். மெழுகுவத்தி ஏந்திப் போராடினர். மேல்முறையீட்டில், அதே ஆண்டு டிசம்பரில், அரசியல்வாதியின் மகனான மனு சர்மாவுக்கு டெல்லி உயர் நீதிமன்றம் ஆயுள் தண்டனை விதித்தது. 2010இல் உச்ச நீதிமன்றம் அதை உறுதிசெய்தது.

எப்படி முடிந்தது? சொன்னதில் உறுதியாக நின்ற சாட்சிகளின் வாக்குமூலத்தையும், அதற்குத் துணைநின்ற சூழ்நிலை ஆதாரங்களையும் நீதிபதிகள் சேர்த்துப் பார்த்தனர். அவர் அடையாள அணிவகுப்புக்கு மறுத்ததும் கணக்கில் வந்தது.

மிரட்டலுக்கு ஆளாகும் சாட்சிகளைப் பாதுகாக்க, 2018இல் சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்தை உச்ச நீதிமன்றம் நாடு முழுவதற்கும் நடைமுறைப்படுத்தியது.

அதான் சிசிடிவி இருக்கே?

2008 மும்பைத் தாக்குதல் வழக்கைப் பாருங்கள். அஜ்மல் கசாப்பை அடையாளம் காட்டியவர்கள் பலர். அதோடு ரயில் நிலையக் கண்காணிப்புக் கேமராப் பதிவுகளும், பத்திரிகைப் புகைப்படக்காரர் எடுத்த படங்களும் இருந்தன. சாட்சி சொன்னதும் படம் காட்டியதும் ஒத்துப்போயின.

அதே வழக்கில் இன்னும் இரண்டு இந்தியர்கள்மீதும் குற்றச்சாட்டு இருந்தது. தாக்குதலுக்கான வரைபடத்தை ஒருவர் மற்றவரிடம் கொடுத்ததை நேபாளத்தில் நேரில் பார்த்தேன் என்றார் ஒரு சாட்சி. நீதிமன்றம் அவரை நம்பவில்லை. இருவரும் விடுதலையானார்கள். 2012இல் உச்ச நீதிமன்றமும் அதை ஏற்றது.

நாடே கோபத்தில் கொந்தளித்த வழக்கு. அதிலும் ஒவ்வொரு சாட்சியையும் தனித்தனியே எடைபோட முடிந்திருக்கிறது.

கேமராவும் முழுத் தீர்வு இல்லை. எல்லாக் கிராமத்திலும் கேமரா இல்லை. பதிவு மங்கலாக இருக்கும். அதைப் பார்த்து "இவர்தான்" என்று சொல்வதும் ஒரு மனிதர்தான். போதாக்குறைக்கு, அணிவகுப்புக்கு முன்பே முகம் வாட்ஸ்அப்பில் ஊர் சுற்றிவிடுகிறது.

சட்டம் மாறிவிட்டதா?

பெயரும் எண்ணும் மாறியுள்ளன. 1872ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டத்துக்குப் பதிலாக, 2024 ஜூலை 1 முதல் 'பாரதிய சாக்ஷிய அதினியம்' நடப்பில் உள்ளது. ஆளை அடையாளம் காண்பது தொடர்பான பழைய 9ஆம் பிரிவு இப்போது 7ஆம் பிரிவு. அடிப்படைக் கொள்கை மாறவில்லை.

ஒரு சுவாரசியமான தகவல்: சிங்கப்பூர், மலேசிய சாட்சியச் சட்டங்களும் அந்த 1872 சட்டத்தின் வழிவந்தவைதான். இரண்டிலும் அதே 9ஆம் பிரிவு இன்றும் இருக்கிறது. எவ்வளவு நேரம், எவ்வளவு தூரத்தில், என்ன வெளிச்சத்தில் பார்த்தார் என்று சாட்சியத்தின் தரத்தைச் சோதிக்கும் வழிமுறையைச் சிங்கப்பூர் மேல்முறையீட்டு நீதிமன்றம் 1998இல் வகுத்தது. எனவே இது இந்தியாவின் கதை மட்டும் இல்லை.

அப்போ, நேரில் பார்த்தவரை நம்பக் கூடாதா?

நம்பலாம். நேரடிச் சாட்சி இல்லாவிட்டால் பல கொலை வழக்குகள் தொடங்கவே முடியாது. சின்னச் சின்ன முரண்பாடு வந்தாலே பொய் என்றும் சொல்லிவிட முடியாது. எல்லாவற்றையும் துல்லியமாக ஒப்பிக்கும் சாட்சியைக் கண்டால்தான் வழக்கறிஞருக்குச் சந்தேகம் வரும்.

ஆனால் "எவ்வளவு உறுதியாகச் சொன்னார்?" என்று மட்டும் கேட்டால் போதாது. அடுத்த முறை "நேரில் பார்த்த சாட்சி" என்ற செய்தியைப் படிக்கும்போது இவற்றையும் கேட்டுப் பாருங்கள்:

- சாட்சிக்கு அவரை முன்பே தெரியுமா?
- எவ்வளவு நேரம், என்ன வெளிச்சத்தில் பார்த்தார்?
- முதன்முதலில் யாரிடம் சொன்னார்? அப்போது யாரைச் சொன்னார்?
- அதற்கும் அணிவகுப்புக்கும் இடையே அந்த முகத்தை வேறு எங்காவது பார்த்தாரா?
- அவர் சொன்னதைத் தாங்கிப்பிடிக்க வேறு என்ன இருக்கிறது?

மூன்றாவது கேள்வியை முதலிலேயே யாராவது விடாமல் கேட்டிருந்தால், நாசிக் வழக்கின் ஆறு பேர் 16 ஆண்டுகளை இழந்திருக்கமாட்டார்கள். முதல்முறை காட்டிய அந்த நான்கு பேரையும் யாராவது தேடிப் போயிருப்பார்கள். ஐந்து பேரைப் பறிகொடுத்த அந்தத் தாய்க்கும் ஒரு பதில் கிடைத்திருக்கலாம்.

கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்று நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்லிக் கேட்டிருப்பீர்கள். கொலை வழக்கில் அந்தக் கடைசிப் பகுதியை விட்டுவிட்டால், போவது ஒருவரின் உயிர்.